சவ வண்டி... தூக்குக் கயிறு... சுல்தானின் பொம்மை!

கதாநாயகன் பெயர் மறந்துபோகும். நாயகியின் முகம் கலைந்துபோகும். இரண்டு நிமிடம் வந்துபோன இந்தக் கிழவர் மட்டும் மனசை விட்டு நகர மாட்டார். யார் இந்த மைல்ஸ் மாலிசன்?

இரவு பத்து மணி ஆகப்போகிறது. மருத்துவமனைக் கட்டிலில் ஒருவன் புத்தகம் படித்துக்கொண்டிருக்கிறான். கார் பந்தயத்தில் அடிபட்டுப் பிழைத்தவன். திடீரென்று வானொலிப் பாட்டு நின்றுபோகிறது. கடிகாரத்தைப் பார்க்கிறான். நாலே கால் காட்டுகிறது. எழுந்து போய் ஜன்னல் திரையை விலக்கினால், வெளியே பட்டப்பகல்! கீழே தெருவில் குதிரை பூட்டிய சவ வண்டி ஒன்று காத்து நிற்கிறது.

வண்டிக்காரன் மெதுவாகத் தலையைத் தூக்குகிறான். உயரமான தொப்பி, கழுத்துக்குள்ளேயே கரைந்துபோன தாடை, கொஞ்சம் சிரிப்பு. உள்ளே இன்னும் ஒருத்தருக்கு மட்டும் இடம் இருப்பதாகச் சொல்கிறான். மிரட்டவில்லை. தெரிந்தவர்களைச் சாப்பிடக் கூப்பிடுகிற குரலில் சொல்கிறான். வயிற்றைக் கலக்குவது அதுதான்.

சில நாள் கழித்து அந்த நோயாளி வீடு திரும்ப பஸ்ஸுக்கு நிற்கிறான். மணி கேட்கிறான். நாலே கால். பஸ் வருகிறது. கண்டக்டர் எட்டிப் பார்த்து அதே வாக்கியத்தைச் சொல்கிறார், அதே குரலில். அதே முகம்! இவன் வெலவெலத்துப்போய் ஏறாமல் நின்றுவிடுகிறான். கண்ணெதிரே அந்த பஸ் தடுப்பை உடைத்துக்கொண்டு கீழே உருண்டு விழுகிறது.

1945-ல் ஈலிங் ஸ்டுடியோ எடுத்த 'டெட் ஆஃப் நைட்' படத்தில் வரும் கதை இது. ஐந்து கதைகள் கோத்த படம். இந்தக் கதையை இயக்கியவர் பேசில் டியர்டன், மூலம் இ.எஃப். பென்சன் 1906-ல் எழுதிய சிறுகதை. பந்தயக்காரனாக நடித்தவர் பெயரைக் கேட்டால் சினிமாப் பைத்தியங்களே தலையைச் சொறிவார்கள். வண்டிக்காரரை மட்டும் எவரும் விடமாட்டார்கள்.

பழைய கறுப்பு வெள்ளை பிரிட்டிஷ் படங்கள் இப்போது வீட்டிலிருந்தபடியே பார்க்கக் கிடைக்கின்றன. ஐந்தாறு படம் பார்த்தவர்கள் எல்லோரும் கேட்கும் கேள்வி ஒன்று உண்டு: ''இந்த ஆளை எங்கேயோ பார்த்திருக்கிறேனே?'' பார்த்திருப்பீர்கள். பாதிரியாராக, நீதிபதியாக, டாக்டராக, தையற்காரராக, வெட்டியான் கணக்காகச் சவப்பெட்டி விற்பவராக. சுமார் நூறு படம். ஒன்றில்கூட அவர் கதாநாயகன் இல்லை.

ஆனால் இந்தக் கட்டுரைக்குக் காரணம் அந்த நூறு படம் அல்ல. இதே முகத்துக்குச் சொந்தக்காரர் எழுதிய புத்தகத்தை ஒரு காலத்தில் பிரிட்டிஷ் போலீஸ் மூட்டை கட்டித் தூக்கிக்கொண்டு போயிருக்கிறது.

மேடையேறிய முதல் பொய்

1888 மே 25, லண்டனை ஒட்டிய கிராய்டன். வில்லியம் மைல்ஸ் மாலிசன் பிறந்தார். பிரைட்டன் கல்லூரிப் பள்ளி, பிறகு கேம்பிரிட்ஜில் இமானுவல் கல்லூரி. அங்கே ஒரு விவாத சங்க விருந்துக்குப் பேச வரவேண்டிய அரசியல்வாதி வராமல் போக, மாணவர் மாலிசன் தானே அந்த அரசியல்வாதி என்று எழுந்து நின்று முழுப் பேச்சையும் பேசி முடித்துவிட்டார். விஷயம் பிறகு வெளியே வந்து ஊரே பேசியது. முதல் வேஷம் அதுதான் என்று வைத்துக்கொள்ளலாம்.

1911-ல் நிஜ மேடை. ஹெர்பர்ட் பீர்போம் ட்ரீ தொடங்கிய நடிப்புப் பள்ளியில் (இன்றைய 'ராடா'வின் முன்னோடி) பயிற்சி. அங்கே பழக்கமான அயர்லாந்துப் பிரபு குடும்பத்துப் பெண் லேடி கான்ஸ்டன்ஸை 1915-ல் கல்யாணம் செய்துகொண்டார்.

அதற்கு முன்னால் ஒரு போர் வந்துவிட்டது. 1914-ல் பட்டாளத்தில் சேர்ந்து மால்டாவுக்குப் போனவர், உடம்பு முடியாமல் 1915 ஜனவரியில் திருப்பி அனுப்பப்பட்டார். திரும்பி வந்தவர் போரையே வெறுக்கும் ஆளாக மாறினார். கட்டாய ராணுவ சேவையை எதிர்த்த கூட்டத்தோடு சேர்ந்து துண்டுப் பிரசுரங்கள் எழுதினார்.

போலீஸ் எடுத்துப்போன நாடகம்

1916-ல் அவர் எழுதிய இரண்டு குறுநாடகங்கள் ஒரே புத்தகமாக வந்தன: 'டி கம்பெனி', 'பிளாக் எல்'. இரண்டாவது நாடகத்தின் கதையைச் சொன்னால் போதும், அரசாங்கத்துக்கு ஏன் வியர்த்தது என்று புரியும். வீரப்பதக்கம் வாங்கிய மகன் போர்முனையிலிருந்து வீட்டுக்கு வருகிறான். அப்பாவுக்கும் அம்மாவுக்கும் பெருமை தாங்கவில்லை. மகனோ, தான் கொன்றவர்களை மறக்க முடியாமல் தவிக்கிறான். இனிமேல் ஒருத்தரையும் கொல்லப் போவதில்லை, திரும்பிப் போகப் போவதும் இல்லை என்கிறான். ஒரு வீட்டுக் கூடத்துக்குள் நடக்கும் கதை. துப்பாக்கிச் சத்தம்கூட இல்லை.

அந்த ஆண்டில்தான் சோம் நதிக்கரைப் போரின் முதல் நாளிலேயே பிரிட்டன் சுமார் 19,000 பேரைப் பறிகொடுத்தது. வீட்டுக்கு வீடு சாவுச் செய்தி. அந்த நேரத்தில் இப்படி ஒரு புத்தகம்! பதிப்பாளரின் கடைக்குள் போலீஸ் நுழைந்து பிரதிகளை அள்ளிக்கொண்டு போனது. பிரிட்டிஷ் சிப்பாயின் மேல் வேண்டுமென்றே பழி சுமத்தும் எழுத்து என்பது அதிகாரத் தரப்பின் குற்றச்சாட்டு.

அதே போர் எதிர்ப்புக் கூட்டத்தில் கான்ஸ்டன்ஸ் இன்னொருவரைச் சந்தித்தார்: தத்துவமேதை பெர்ட்ரண்ட் ரஸல். இருவருக்கும் காதல். மாலிசனுக்குத் தெரியாமல் அல்ல. கல்யாணம் என்பது ஒருவரை ஒருவர் கட்டிவைப்பதற்கல்ல என்று கணவனும் மனைவியும் முன்பே பேசிவைத்திருந்தார்கள். 1918-ல் போருக்கு எதிராக எழுதியதற்காக ரஸல் பிரிக்ஸ்டன் சிறைக்குப் போனபோது கான்ஸ்டன்ஸோடு கடிதப் போக்குவரத்து நடந்தது. 1923-ல் தம்பதியின் விவாகரத்து முடிந்தது. அந்தக்கால லண்டனில் இது எவ்வளவு பெரிய வம்பு என்று தனியாகச் சொல்ல வேண்டாம்.

பெட்டிச் செய்தி: இரண்டாவது மனைவியின் துணிச்சல்

மாலிசன் 1923-ல் மணந்த ஜோன் ஒரு டாக்டர். குடும்பக் கட்டுப்பாடு பற்றிப் பொதுவில் பேசவே கூசிய காலத்தில் அதற்காகப் பாடுபட்டவர். 1938-ல் படைவீரர்களால் பலாத்காரம் செய்யப்பட்ட 14 வயதுச் சிறுமியைக் கருக்கலைப்புக்காக அலெக் போர்ன் என்ற அறுவைச் சிகிச்சை நிபுணரிடம் அனுப்பியவர் இவர்தான். போர்ன் மீது வழக்கு நடந்தது. விடுதலையானார். பிரிட்டிஷ் கருக்கலைப்புச் சட்ட வரலாற்றில் அந்தத் தீர்ப்பு ஒரு திருப்பம். மாலிசனும் ஜோனும் 1940-ல் பிரிந்தார்கள். 1946-ல் மாலிசனுக்கு மூன்றாம் கல்யாணம்.

சம்பளத்துக்கு எழுதிய பேனா

1920-களில் சுயேச்சைத் தொழிலாளர் கட்சியின் கலைக் குழுவை முன்னின்று நடத்தினார் மாலிசன். 1925-ல் 'கான்ஃப்ளிக்ட்', 1927-ல் 'தி ஃபெனடிக்ஸ்' என்று மேடை நாடகங்கள். முன்னது தேர்தலும் வர்க்கமும். பின்னது போரில் நொந்த தலைமுறை, கல்யாணம் என்ற ஏற்பாட்டையே கேள்வி கேட்பது. 1934-ல் ஹாரி புரூக்ஸோடு சேர்ந்து 'சிக்ஸ் மென் ஆஃப் டோர்செட்'. சங்கம் சேரச் சத்தியம் செய்ததற்காக 1834-ல் ஏழு ஆண்டுத் தண்டனையோடு ஆஸ்திரேலியாவுக்கு நாடு கடத்தப்பட்ட ஆறு டால்படல் விவசாயக் கூலிகளின் கதை. நூற்றாண்டு நினைவுக்காகத் தொழிற்சங்கத்தார் கொண்டாடிய நாடகம்.

இவ்வளவும் வயிற்றை நிரப்புமா? சினிமா கூப்பிட்டது. 1927-ல் பிரிட்டன் ஒரு சட்டம் போட்டிருந்தது: தியேட்டர்கள் குறைந்தது இத்தனை சதவீதம் உள்நாட்டுப் படம் திரையிட வேண்டும். 5 சதவீதத்தில் தொடங்கி 20 வரை ஏறிய ஒதுக்கீடு. ஹாலிவுட்டைத் தடுக்கப் போட்ட வேலி. அவசர அவசரமாகப் படங்கள் எடுத்தாக வேண்டும். வசனம் எழுத ஆள் வேண்டும். மாலிசனுக்கு இரட்டைச் சம்பளம். தானே எழுதுவார், தான் எழுதிய படத்திலேயே ஒரு சின்ன வேஷமும் கட்டுவார். 1934-ன் 'நெல் குவின்' அப்படித்தான்.

அவர் எழுதிய பட்டியலைப் பாருங்கள்: விக்டோரியா ராணியின் புகழ் பாடும் 'விக்டோரியா தி கிரேட்' (1937). ஆப்பிரிக்காவை வளைத்துப்போட்ட செசில் ரோட்ஸின் கதைக்கு வசனம் (1936). ஸ்பிட்ஃபயர் போர்விமானத்தை வடிவமைத்தவரைப் பற்றிய 'தி ஃபர்ஸ்ட் ஆஃப் தி ஃபியூ' (1942). போரை எதிர்த்துப் புத்தகம் பறிகொடுத்தவர் போர்விமானப் படம் எழுதுகிறார்!

கடைசிப் படத்தை நான் குறை சொல்ல மாட்டேன். லண்டன் மேல் குண்டு விழுந்த ஆண்டுகள் அவை. 1916-ல் போரை எதிர்த்தவர்கள் பலர் ஹிட்லர் காலத்தில் மனம் மாறினார்கள். ரோட்ஸ் படத்துக்கு மட்டும் என்னிடம் சமாதானம் இல்லை. தொழிலாளிகளுக்காக நாடகம் எழுதிய அதே கை அதையும் எழுதியது. அவ்வளவுதான்.

பொம்மைக்காகப் பெண்ணைக் கொடுத்த சுல்தான்

அலெக்சாண்டர் கோர்டா தயாரித்த 'தி தீஃப் ஆஃப் பாக்தாத்' 1940-ல் வெளிவந்தது. (இருபது ஆண்டு கழித்து எம்.ஜி.ஆர். நடித்த 'பாக்தாத் திருடன்' வேறு படம், குழப்பிக்கொள்ள வேண்டாம்.) திருடன் அபுவாக நடித்தவர் மைசூர் சாபு. மகாராஜாவின் யானைப்பாகன் பெற்ற பிள்ளை, 'எலிஃபண்ட் பாய்' படத்தால் உலகப் புகழ் பெற்றவர். வசனம், திரைக்கதை நம்ம மாலிசன். பாஸ்ரா சுல்தான் வேஷமும் அவரே. டென்ஹாம் ஸ்டுடியோவில் படப்பிடிப்பு நடந்துகொண்டிருக்கும்போது உலகப்போர் வெடித்தது. மிச்சத்தை ஹாலிவுட்டில் போய் முடித்தார்கள். ஒளிப்பதிவு, கலை இயக்கம், தந்திரக் காட்சிகள் என மூன்று ஆஸ்கர்.

சுல்தானுக்கு ராஜ்யம் முக்கியமல்ல, பொம்மைகள்தான். உலகத்திலுள்ள சாவி கொடுத்த பொம்மைகளையெல்லாம் சேர்த்துவைத்திருக்கிறார். வருகிறவர்களுக்கெல்லாம் ஒவ்வொன்றாக இயக்கிக் காட்டிக் குழந்தை மாதிரி குதிக்கிறார். மந்திரவாதி ஜாஃபர் பறக்கும் குதிரையைக் கொண்டுவந்து காட்டுகிறான். விலை? சுல்தானின் மகள். கொஞ்சம் தயங்குகிறார். குதிரையில் ஏறி ஊருக்கு மேலே ஒரு சுற்று வந்த பிறகு சரி என்கிறார். பின்னால் ஜாஃபர் இன்னொரு பொம்மை தருகிறான்: பல கைகள் கொண்ட வெள்ளிப் பெண். சுல்தான் ஆசையாகக் கட்டிப்பிடிக்கிறார். அவள் கையிலிருக்கும் கத்தி அவர் முதுகில் இறங்குகிறது.

சிரித்துக்கொண்டே பார்த்தவர்களுக்கு அந்த இடத்தில் தொண்டை அடைக்கும். தன் பொம்மை ஆசைக்காகப் பெண்ணை விற்கிற ஆளும் வர்க்கத்தை இதைவிட நேராக எந்தக் கட்சி மேடையிலாவது சொல்லியிருக்க முடியுமா? போலீஸ் யாரும் வரவில்லை. எல்லோரும் டிக்கெட் வாங்கினார்கள்.

1992-ல் டிஸ்னியின் 'அலாதீன்' பார்த்த பிள்ளைகளுக்கும் இந்தக் கிழவரைத் தெரியும். அங்கே வில்லன் பெயர் ஜாஃபர், குரங்கின் பெயர் அபு, சுல்தான் பொம்மை அடுக்கி விளையாடும் குண்டு மனிதர். எல்லாம் இந்தப் படத்து வாசனை.

காலையில் ஸ்டுடியோ, ராத்திரி மேடை

மாலிசனைப் போலச் சின்ன வேஷத்திலும் மனசில் நிற்கும் நடிகர்கள் பிரிட்டனில் ஏன் இத்தனை பேர்? காரணம் மிகச் சாதாரணமானது. ஈலிங், டென்ஹாம், பைன்வுட், ஷெப்பர்டன், எல்ஸ்ட்ரீ, எல்லா ஸ்டுடியோவும் லண்டனைச் சுற்றி. நாடகக் கொட்டகைகள் எல்லாம் லண்டனுக்குள். பகலில் நாள் சம்பளத்துக்கு ஒரு பாதிரியார் வேஷம், மாலையில் காரில் திரும்பி மேடையில் ஷேக்ஸ்பியர். ஹாலிவுட்டும் பிராட்வேயும் ஒரு கண்டத்தின் இரண்டு கோடியில் கிடந்ததால் அமெரிக்க நடிகருக்கு இந்த வசதி இல்லை. மேடையில் ஊறிய ஆட்கள் ஒரே காட்சிக்கு வந்தாலும் அந்த ஆளின் முழு வாழ்க்கையையும் கொண்டுவந்துவிடுவார்கள்.

பார்க்கவும் கூட்டம் இருந்தது. 1946-ல் பிரிட்டிஷ் தியேட்டர்களில் கிழித்த டிக்கெட் 163 கோடிக்கும் மேல்! டெலிவிஷன் வந்தது. 1960-ல் டிக்கெட் எண்ணிக்கை சுமார் 50 கோடி. ஈலிங் ஸ்டுடியோவையே 1955-ல் பி.பி.சி. வாங்கிக்கொண்டது. சின்ன வேஷங்களுக்கான கூடாரம் அதோடு மெல்லக் கலைந்தது.

பிரபுவைத் தூக்கிலிடும் பாக்கியம்

மாலிசனின் உச்சம் எது என்று கேட்டால் 1949-ன் 'கைண்ட் ஹார்ட்ஸ் அண்ட் கோரனெட்ஸ்' என்பேன். ராபர்ட் ஹேமர் இயக்கியது. அலெக் கின்னஸ் ஒரே குடும்பத்தின் எட்டுப் பேராக நடித்த படம் என்று எல்லோரும் கின்னஸையே பேசுவார்கள். படம் தொடங்குவதோ, கையில் பையும் தலையில் வட்டத் தொப்பியுமாகச் சிறைக்கதவுக்கு வரும் தூக்கிலிடுபவரோடு.

மறுநாள் காலை தூக்கில் தொங்கப்போகிறவர் ஒரு ட்யூக். தொழில் வாழ்க்கையின் சிகரம்! பெரிய பெரிய முன்னோடிகளுக்கே வாய்க்காத பாக்கியம். பிரபுக்களுக்குப் பட்டுக் கயிறு. பட்டைத் தொட்ட கை இனி நார்க்கயிற்றைத் தொடாது, இதோடு ஓய்வு பெறப்போவதாகச் சொல்கிறார். பிரபுவை எப்படி விளிப்பது, எவ்வளவு குனிவது என்று ஒத்திகை வேறு. கடைசிக் காலையில் இப்படிப்பட்ட தருணங்களுக்காகத் தானே இயற்றிய கவிதையைப் படிக்க அனுமதி கேட்கிறார்.

தன் கையால் சாகப்போகிறவரின் முன்னால் பவ்யமாக நெளிகிற இந்த மனிதரில் இங்கிலாந்தின் வர்க்க வியாதி மொத்தமும் இருக்கிறது. 'பிளாக் எல்' நாடகத்தில் பதக்கத்தைப் பார்த்துப் பூரித்த பெற்றோரின் ஒன்றுவிட்ட உறவுக்காரர்தான் இவர். 1916-ன் கோபம் எங்கேயும் போகவில்லை, வேஷம் மாற்றிக்கொண்டது. இதை மாலிசன் திட்டம் போட்டுச் செய்தார் என்று சொல்ல மாட்டேன். சின்ன வேஷக்காரருக்குக் கிடைத்ததைக் கட்டுவதுதான் வழி. ஆனால் அதிகாரத்தின் அசட்டுத்தனத்தை உள்ளே புகுந்து பார்த்தவர் கட்டும்போது அதே வேஷம் வேறாகிவிடுகிறது.

இன்னொரு உதாரணம், மைக்கேல் பவலின் 'பீப்பிங் டாம்' (1960). 'பாக்தாத்' படத்தின் இயக்குநர்களில் ஒருவராக இருந்த அதே பவல். பத்திரிகைக் கடைக்கு ஒரு கண்ணியமான பெரியவர் வருகிறார். 'டைம்ஸ்', 'டெலிகிராஃப்' கேட்கிறார். பிறகு குரலைத் தாழ்த்தி, ஏதோ படங்கள் கிடைக்குமாமே என்கிறார். ஆபாச ஆல்பம் கைக்கு வருகிறது. பக்கம் புரளப் புரள முகத்தில் மினுமினுப்பு. அந்நேரம் பார்த்து மிட்டாய் வாங்க ஒரு சிறுமி உள்ளே வர, மனிதர் பதறிப்போகிறார். மொத்த ஆல்பத்தையும் வாங்கிக்கொண்டு நடையைக் கட்டும்போது முதலில் கேட்ட பத்திரிகைகளை மறந்துவிடுகிறார். படம் வந்தபோது விமர்சகர்கள் கிழித்துப்போட்டார்கள். பவலின் தொழிலே ஆட்டம் கண்டது. இன்று அது பிரிட்டிஷ் சினிமாவின் மகத்தான படங்களில் ஒன்று.

பெட்டிச் செய்தி: சட்டென்று அடையாளம் காண...

'ஸ்டேஜ் ஃபிரைட்' (1950), ஹிட்ச்காக்: மதுக்கடையில் நாயகியை விடாமல் நச்சரிக்கும் ஆசாமி.
'தி மேன் இன் தி ஒயிட் சூட்' (1951): தையற்காரர்.
'தி இம்பார்ட்டன்ஸ் ஆஃப் பீயிங் எர்னஸ்ட்' (1952): பாதிரியார் சாசுபல்.
'டிராகுலா' (1958), ஹாமர் ஸ்டுடியோ: சவப்பெட்டிக்காரர். அஞ்சலி செலுத்த வந்தவரும் அங்கேயே செத்துப்போன கதையைச் சொல்லித் தானே சிரிப்பார்.
'தி ஹவுண்ட் ஆஃப் தி பாஸ்கர்வில்ஸ்' (1959): பூச்சி சேகரிக்கும் பிஷப்.
'ஐ ஆம் ஆல் ரைட் ஜாக்' (1959): நிர்வாண முகாமில் வாழும் அப்பா. தொழிற்சங்கத்தைக் கிண்டலடித்த படத்தில் டால்படல் நாடகாசிரியர்!

கஞ்சனும் கண் பார்வையும்

அறுபதை நெருங்கும் வயதில் மாலிசன் இன்னொரு வேலையில் இறங்கினார். பிரெஞ்சு நாடகாசிரியர் மோலியரை ஆங்கிலத்தில் கொண்டுவருவது. 'கஞ்சன்', 'தார்த்யூஃப்', 'மனைவிகளின் பள்ளி' என்று வரிசையாக. எழுத்துக்கு எழுத்து மொழிபெயர்ப்பு அல்ல, நடிகன் வாயில் வழுக்கிக்கொண்டு வரும்படியான தழுவல். கஞ்சன் ஹார்பகானாக ஓல்ட் விக் குழுவில் அவரே நடித்தார். சினிமாக்காரர்கள் கவனிக்காவிட்டாலும் ஆங்கில அமெச்சூர் நாடகக் குழுக்கள் பல தலைமுறையாக மோலியரைக் கற்றது இவர் வழியாகத்தான்.

அந்தக்காலப் பிரிட்டனில் எந்த நாடகமும் அரண்மனை அதிகாரியான லார்ட் சேம்பர்லேன் கையெழுத்துப் போட்டால்தான் மேடையேற முடிந்தது. 1737-லிருந்து நடந்த இந்தத் தணிக்கை 1968 செப்டம்பரில்தான் ஒழிந்தது. அந்த அதிகாரியோடு காலமெல்லாம் மல்லுக்கட்டிய தலைமுறையைச் சேர்ந்த மாலிசன், அதைப் பார்க்க உயிரோடு இருந்தார். சரியாகப் பார்க்கத்தான் கண் இல்லை. அறுபதுகளின் நடுவில் பார்வை மங்கி நடிப்பை விட்டிருந்தார். 1969 மார்ச் 15 அன்று, கண்புரை அறுவைச் சிகிச்சைக்குப் பிறகு, 80 வயதில் இறந்தார். நினைவுக் கூட்டத்தில் பெரிய மேடை நடிகர்களான சிபில் தார்ண்டைக்கும் லாரன்ஸ் ஒலிவியேவும் சில பகுதிகளை வாசித்தார்கள். சின்ன வேஷக்காரருக்கு அவ்வளவு பெரியவர்கள் வந்தது சின்ன விஷயமல்ல.

அவர் 1933-ல் அச்சிட்ட நாடகம் ஒன்று உண்டு: 'யுவர்ஸ் அன்ஃபெய்த்ஃபுல்லி'. கட்டுப்பாடில்லாத கல்யாணத்தின் இன்பத்தையும் ரணத்தையும் பேசுவது. தன் கதையையே எழுதிவிட்டார் என்று படிப்பவர்கள் சொல்வார்கள். அவர் காலத்தில் யாரும் மேடையேற்றவில்லை. நியூயார்க்கின் மின்ட் தியேட்டர்தான் 2017-ன் தொடக்கத்தில் அதை முதல்முறையாக நடத்தியது. அடுத்த ஆண்டே 'கான்ஃப்ளிக்ட்' நாடகத்தையும் எடுத்துப்போட்டது. முகத்தை மறந்து எழுத்தைப் பார்க்க உலகத்துக்கு எண்பது ஆண்டுக்கு மேல் ஆகியிருக்கிறது.

மாலிசனைப் பார்க்கத் தொடங்குகிறவர்களுக்கு ஒரு வார்த்தை. 'கைண்ட் ஹார்ட்ஸ் அண்ட் கோரனெட்ஸ்' படத்தைப் போட்டுவிட்டு காபி போட எழுந்து போகாதீர்கள். முதல் காட்சியிலேயே அவர் சிறைக்கதவுக்கு வந்துவிடுகிறார்.